நாற்பது முழக் கயிறு

மாசிலாமணி பன்னிரண்டு வருஷம் திண்ணைப் பள்ளிக் கணக்காயரிடம் மணலில் விரல் தேய்த்தவன். ஆவுடையப்பன் போன தைக்கு வந்தவன். அதுவரை ஆடு மேய்த்தவன். நூற்று மூன்றைத் தொண்ணூற்றேழால் பெருக்கச் சொன்னால், மாசிலாமணி முதல் வரியை எழுதி முடிப்பதற்குள் ஆவுடையப்பன் விடையைச் சொல்லிவிட்டுக் கொட்டாவி விடுவான். அந்தக் கொட்டாவிதான் மாசிலாமணி வயிற்றில் தணலை அள்ளிக் கொட்டியது.

கணக்காயர் காசிக்குப் புறப்படப் போகிறார். அவர் இடத்தில் இனி யார்? வாய் திறக்காதவனுக்கு எதுவும் வராது. மாசிலாமணி கேட்டே விட்டான்.

"ஐயா, உங்க இடம் எனக்கா, அந்த ஆட்டுக்காரனுக்கா?"

கணக்காயர் ஒரு கயிற்றை எடுத்துப் போட்டார்.

"நாற்பது முழம். ரெண்டு பேருமா கீரைப் பாத்திக்கு முளை அடிச்சுக் கட்டுங்க. நீளம் உன் பொறுப்பு, அகலம் அவன் பொறுப்பு. கயித்துக்குள்ள அடங்குற மண்ணுதான் இந்த வருஷம் நம்ம எல்லாருக்கும் கீரை."

கொல்லையில் ஆவுடையப்பன் கேட்டான்: "பத்துக்குப் பத்து வெச்சுக்குவமாண்ணே?"

"உனக்குச் சமமா நிக்கவா இத்தனை வருஷம் விரல் தேய்ச்சேன்? எனக்குப் பதிமூணு."

"அப்ப எனக்கு ஏழுதான் மிஞ்சும்."

"மிஞ்சினதை வெச்சுப் பிழைக்கத் தெரியாதா உனக்கு?"

ஆவுடையப்பன் சிரித்துக்கொண்டே முளையை அடித்தான். அந்தச் சிரிப்பும் மாசிலாமணியை எரித்தது.

கணக்காயர் வந்து பார்த்தார். "எவ்வளவு மண்ணு?"

மாசிலாமணி குந்தி உட்கார்ந்து தரையில் பெருக்கினான். "தொண்ணூத்தொரு சதுர முழம்."

"பத்துக்குப் பத்தா இருந்தா?"

"நூறு."

"ஒன்பது எங்கே?"

ஆவுடையப்பன்தான் சொன்னான்: "பத்தோட மூணு கூட்டி, பத்துல மூணு கழிச்சுப் பெருக்கினா, பத்தின் வர்க்கத்துல மூணின் வர்க்கம் போயிடும் ஐயா. நூத்துல ஒன்பது. நூத்து மூணும் தொண்ணூத்தேழும்கூட இதே வழிதான். அண்ணன் கேட்டிருந்தா அன்னைக்கே சொல்லியிருப்பேன்."

மாசிலாமணிக்கு முகம் சிவந்துவிட்டது.

"அப்ப பதிமூணை அவனுக்கே கொடுங்க. நான் ஏழோட ஒதுங்கிக்கிறேன். நீங்க நினைச்சதும் அதுதானே."

"கொடுத்துட்டுப் பெருக்கு."

பெருக்கினான். அழித்தான். மறுபடி பெருக்கினான். தொண்ணூற்றொன்றுக்கு மேல் ஒரு சதுர முழம்கூட ஏறவில்லை.

"போன ஒன்பது அவன்கிட்ட இருக்கா?"

"இல்லை."

"உன்கிட்ட?"

"இல்லைங்கய்யா."

"பின்னே யாருக்காகப்பா கயித்தை இழுத்தே?" என்றார் கணக்காயர்.