அணையாத உலையும் அடைத்த கூடும்

"வாய் வைத்து ஒன்றைக் கட்டினால்..." என்று செம்மலைக் காட்டின் கிழட்டு ஆமை ஒருமுறை கூட்டத்தில் பேச ஆரம்பித்தது. அதை எப்படி முடித்தது என்று இன்று யாருக்கும் சரியாக நினைவில்லை. "அதன் வயிற்றை நீதான் நிரப்பணும்" என்று முடித்ததாக முயல்கள் சொல்கின்றன. வேறு ஏதோ சொன்னதாக நரி சொல்கிறது. ஆமை பாதி பேசும்போதே எல்லோரும் கூச்சலிட ஆரம்பித்துவிட்டார்கள். அன்றைக்குத்தான் காட்டின் முதல் உலையிலிருந்து முதல் இரும்பு வழிந்தது!

இரும்பு எதற்கு என்று கேட்டால் எந்த மான்குட்டியும் சொல்லும். காட்டை இரண்டாகப் பிளந்துகொண்டு ஓர் ஆறு ஓடியது. மழைக்காலத்தில் அக்கரைப் புல்லுக்குப் போகும் குட்டிகளை வெள்ளம் இழுத்துக்கொண்டு போகும். மரத்தால் பாலம் போட்டுப் பார்த்தார்கள். இரண்டு மழைகூடத் தாங்கவில்லை. அப்போதுதான், செம்மலையின் சிவப்புக் கல் நெருப்பில் உருகும் என்பதைக் கரடி கண்டுபிடித்தது.

புற்றுமண்ணைக் குழைத்து யானை உயரத்துக்கு உலை கட்டினார்கள். பன்றிகள் கல் தோண்டின. யானைகள் மரம் கொண்டுவந்தன. மரம் மூட்டத்தில் வெந்து கரியானது. புற்றில் மூக்கை வைத்து ஊதிக் கரையான் தின்று பழகிய கரடிகள், உலையின் அடியில் வாய் வைத்து ஊதின. அப்படி ஊத வேறு யாரால் முடியும்!

கீழ்த்துறையில் இரும்புப் பாலம் எழுந்தது. அந்த மழைக்கு ஒரு குட்டிகூட ஆற்றோடு போகவில்லை. தாய்மான்கள் பாலத்தின் நடுவில் நின்று, கீழே சுழித்து ஓடும் தண்ணீரை வெகுநேரம் பார்த்துக்கொண்டிருந்தன.

உலைக்கு எந்த மரத்தை வெட்டுவது என்று சொல்லும் வேலை அலகன் என்ற இருவாச்சிக்கு வந்தது. பெரிய மஞ்சள் மூக்கும் அகன்ற சிறகும் உள்ள பறவை அவன். காட்டை மேலிருந்து பார்க்கிறவன். அவன் ஒரு மரத்தில் மூன்று முறை கொத்தி வைத்தால்தான் யானை அதைத் தொடும்.

"கூடு இருக்கிற மரத்தை மட்டும் நான் காட்டமாட்டேன், கரடியண்ணே! இப்பவே சொல்லிட்டேன்!" என்றான் அலகன், வேலையில் சேர்ந்த முதல் நாளே.

"நான் கேட்டேனா தம்பி? கூட்டை இடிச்சுக் கட்டினா அது பாலமா!" என்றது கரடி.

அந்தச் சொல்லை இருவரும் மீறவே இல்லை. கதையில் அதுதான் வருத்தம்.

உலைக்கு ஒரு குணம் உண்டு. பற்றவைத்தால் அணையக்கூடாது. அணைந்தால் உள்ளே உருகிய இரும்பு வயிற்றிலேயே இறுகிவிடும். பிறகு அந்த உலை வெறும் பாறை. இரண்டாம் வருஷம் ஒரு பெருமழையில் அப்படித்தான் ஓர் உலை செத்தது. கரடி மூன்று நாள் சாப்பிடாமல் அதன் பக்கத்தில் உட்கார்ந்திருந்தது. அதற்குப் பிறகு, 'கரி தீர்ந்துபோச்சு' என்று யாராவது சொன்னாலே அது உலையைப் பார்க்க ஓடும்.

ஓர் உலை இரண்டானது. இரண்டு மூன்றானது. பக்கத்துக் காடுகளும் பார்த்துவிட்டு உலை கட்டின. தினமும் காலையில் கருங்குரங்கு உச்சிக்கிளையில் ஏறிக் கத்தும்.

"நேத்து நாற்பது இரும்புக்கட்டி! இன்னிக்கு ஐம்பது! ஏழு காட்டுல நாம நாலாவது இடம்! இன்னும் ஒரு உலை வந்தா மூணாவது!"

கூட்டம் ஆரவாரிக்கும். மூன்றாவது இடத்துக்கு வந்தால் என்ன கிடைக்கும் என்று ஒரு நத்தை கேட்டது. "மூணாவது இடம் கிடைக்கும்!" என்றது குரங்கு. எல்லோரும் நத்தையைப் பார்த்துச் சிரித்தார்கள்.

நாலாவது உலையும் பற்றவைக்கப்பட்டது.

அந்த வருஷம்தான் அலகனின் இணை இருளாயி முட்டையிடும் பருவத்துக்கு வந்தாள். இருவாச்சிகளின் வழக்கம் தெரியுமல்லவா? பெண்பறவை உயரமான மரப்பொந்துக்குள் நுழைந்து, வாசலை உள்ளிருந்தே பூசி அடைத்துக்கொள்ளும். அலகு நுழையும் அளவுக்கு ஒரு கீறல் மட்டும் விட்டுவைக்கும். உள்ளே அதன் சிறகெல்லாம் உதிர்ந்துவிடும். மூன்று நான்கு மாதம், ஆண்பறவை கொண்டுவந்து ஊட்டும் பழம்தான் அதற்கும் குஞ்சுக்கும் உயிர்.

இருளாயி பொந்தின் விளிம்பில் நின்று கேட்டாள்: "உங்களுக்கு இந்த வருஷம் வேலை ஜாஸ்தியா இருக்கே. உள்ளே போயிட்டா என் வயிறு உங்க அலகுலதான் இருக்கு. யோசிச்சுச் சொல்லுங்க."

"நாலு உலைக்குத் தீனி காட்டுறவன் உனக்குக் காட்டமாட்டேனா!" என்று சிரித்தான் அலகன்.

"உலைக்குக் காட்டுறது வேற. அது எதைக் கொடுத்தாலும் திங்கும். எனக்கு அத்திப்பழம்தான் இறங்கும்."

"ஒரு நாளைக்கு நூறு பழம் கொண்டு வர்றேன். போதுமா, மகாராணி?"

"நூறு சொல்லி அறுபது கொண்டு வருவீங்க. எனக்குத் தெரியாதா!" என்று சொல்லிக்கொண்டே அவள் உள்ளே போனாள். வாசல் அடைபட்டது.

ஒரு மாதம் குறையில்லாமல் போயிற்று. முட்டை பொரிந்தது. கீறலுக்குப் பின்னாலிருந்து கீச்சென்று ஒரு குரல் கேட்டபோது, அலகன் வாயில் இருந்த பழத்தைத் தவறவிட்டுவிட்டான். அதற்கும் இருளாயி அவனைக் கிண்டல் செய்தாள்.

மறுவாரம் கரடி அவனைத் தேடி வந்தது. முகம் வாடியிருந்தது.

"தம்பி, வேங்கை தீர்ந்தது. மருது தீர்ந்தது. இனி கூடு இல்லாம நிக்கிறது அத்தியும் ஆலும் இச்சியும்தான்."

"அதெல்லாம் மெத்து மரம் அண்ணே! கரி நிக்காது, சாம்பல்தான் மிஞ்சும்."

"தெரியும். ஒண்ணு வெட்டுற இடத்துல மூணு வெட்டணும். வேற வழி சொல்லு, கேட்டுக்கிறேன்."

அலகன் அந்த மரங்களை ஒவ்வொன்றாகச் சுற்றிப் பறந்தான். ஒன்றிலும் பொந்து இல்லை. கூடு இல்லை. தன் சொல்லைத் தான் மீறவில்லை என்று அவனுக்குத் திருப்தி. பழத்துக்கு மலைக்கு அந்தப் பக்கம் போய்க்கொள்ளலாம். சிறகு எதற்கு இருக்கிறது! ஒவ்வொரு மரத்திலும் மூன்று கொத்து கொத்திவிட்டுப் போனான்.

ஒரு மரத்தில் யார் குடியிருக்கிறார்கள் என்று அவன் பார்த்தான். அந்த மரத்தை நம்பி வேறெங்கோ யார் குடியிருக்கிறார்கள் என்று பார்க்கவில்லை.

அத்திகள் விழுந்தன. அலகன் மலையைத் தாண்டிப் பறந்தான். முதல் நாள் அங்கே பழம் கிடைத்தது. பத்தாம் நாள் போனபோது, போன வாரம் பழுத்து நின்ற ஆலமரம் இருந்த இடத்தில் கரிமூட்டம் புகைந்துகொண்டிருந்தது. அதன் பக்கத்தில் இன்னோர் இருவாச்சி உட்கார்ந்திருந்தது. அந்தக் காட்டுக்கு மரம் காட்டுகிறவன் அவன்.

"என்னப்பா இது! பழமரத்தையா வெட்டுறீங்க?" என்று கத்தினான் அலகன்.

"நீங்க மூணாவது இடத்துக்கு வந்துட்டீங்களாமே! எங்க ஆளுங்க விடுவாங்களா?" என்றது அந்தப் பறவை. பிறகு குரலைத் தாழ்த்திக் கேட்டது: "உங்க பக்கம் அத்தி ஏதாவது மிச்சம் இருக்கா, அண்ணே? என் வீட்டுக்காரி பொந்துக்குள்ள இருக்கா."

அலகன் தலையை மட்டும் ஆட்டிவிட்டுப் பழம் தேடி மேலே பறந்தான்.

அன்று அலகன் ஏழு பழத்தோடு திரும்பினான். இருளாயி கீறல் வழியாக ஒவ்வொன்றாக வாங்கினாள்.

"அவ்வளவுதானா?"

"நாளைக்குப் பார்க்கலாம்."

"புகை வாடை கிட்ட வருதே. நம்ம மரத்துப் பக்கமா?"

"இல்ல புள்ள. தூரம்."

அவள் ஏழு பழத்தையும் குஞ்சுக்கே ஊட்டிவிட்டாள். அது அலகனுக்குத் தெரியாது.

செம்மலைக் காட்டில் கடைசியாக ஒரே ஓர் அத்தி நின்றது. ஓடைக்கரையில், வேரிலிருந்து கிளைவரை காய்த்துக் குலுங்கிய கிழ மரம். அதன் பழம் இருந்தால் குஞ்சு பறக்கும்வரை சமாளித்துவிடலாம். அலகன் அதன் மேல் உட்கார்ந்திருந்தபோது யானை வந்து நின்றது. பின்னால் கரடி. அதன் பின்னால் ஒரு கூட்டமே வந்தது.

"இதுல கூடு இல்லையே, தம்பி" என்றது கரடி மெல்ல.

"கூடு இல்ல. ஆனா என் கூட்டுக்குச் சோறு இது! இது ஒண்ணையாவது விடுங்க அண்ணே!"

"எனக்கு மட்டும் இதை வெட்ட ஆசையா? சாயங்காலத்துக்குள்ள கரி போடலைன்னா நாலாவது உலை செத்துரும்."

"சாகட்டுமே! செஞ்ச கட்டியெல்லாம் மலையடிவாரத்துல துருப்பிடிச்சுக் கிடக்கு. யாருக்கு இன்னும் இரும்பு?"

"அடேயப்பா!" என்று குரங்கு கிளையிலிருந்து குதித்தது. "ஐயாவோட ஒரு கூட்டுக்காக இத்தனை பேர் உழைப்பு கல்லாகணுமோ! இதுவரைக்கும் கொத்தினப்ப இனிச்சுதா?"

அலகன் தலைகுனிந்தான்.

அப்போது கூட்டத்திலிருந்து ஒரு புள்ளிமான் முன்னால் வந்தது. மேல்துறையில் வசிக்கும் மான். அங்கே இன்னும் பாலம் வரவில்லை. போன மழையில் அதன் இரண்டு குட்டிகளையும் ஆறு கொண்டுபோயிருந்தது. இப்போது மறுபடி வயிறு கனத்திருந்தது.

"நான் உங்களைக் கேக்கக்கூடாதுதான், அண்ணா. துருப்பிடிச்ச கட்டி பாலத்துக்கு ஆகாதுன்னு சொல்றாங்க. இந்த உலை இரும்புலதான் மேல்துறைக்குப் பாலம்னு சொல்லியிருக்காங்க. மழைக்கு இன்னும் இருபது நாள்தான் இருக்கு. உங்களுக்குச் சிறகு இருக்கு... இன்னும் கொஞ்சம் தூரம் போய்ப் பார்க்க முடியாதா?"

அலகன் அதன் வயிற்றைப் பார்த்தான். வெகுநேரம் பார்த்தான். பிறகு கீழே இறங்கி, அத்திமரத்தில் ஒரு கொத்து கொத்தினான். இரண்டு. மூன்று.

மரம் விழுந்தபோது பழங்கள் ஓடையில் உருண்டு மிதந்து போயின. கிடைத்ததை அவன் பொறுக்கிக்கொண்டு போனான். நாலு நாள் வந்தது. அதற்குப் பிறகு அவன் விடிந்ததும் கிளம்பினால், மூன்று மலை தாண்டி, பொழுது சாயும்போது திரும்புவான். சில நாள் இரண்டு பழம். சில நாள் ஒரு பல்லி. சில நாள் வெறும் அலகு.

நாலாவது உலை அணையவில்லை. இரும்பு வழிந்தது. அதை யானைகள் சுமந்துகொண்டு போவதை அலகன் ஒரு நாள் மேலிருந்து பார்த்தான். அவை மேல்துறைப் பக்கம் திரும்பவில்லை.

சட்டென்று கீழே இறங்கினான். "கரடியண்ணே! பாலத்துக்கு வழி அந்தப் பக்கம்!"

கரடி அவன் முகத்தைப் பார்க்கவில்லை. "அஞ்சாவது உலை கட்டுறோம், தம்பி. மண்சுவர் விரியாம இருக்க இரும்பு வளையம் போடணும். பக்கத்துக் காடு நம்மளை முந்தப்போகுதாம். இது முடிஞ்சதும் பாலம்தான். சத்தியமா!"

"மழை வருதே, அண்ணே."

"வருது" என்றது கரடி. அது அழுதுகொண்டிருந்தது. அழுதபடியே திரும்பிப் போய் உலையில் வாய் வைத்து ஊதியது.

மறுநாள் அலகன் மூன்று இச்சிப்பழத்தோடு வந்தபோது, கீறலில் இருளாயியின் அலகு இல்லை.

"இருளாயி! ஏ இருளாயி! பழம்!"

உள்ளேயிருந்து குரல் வந்தது. "குஞ்சு காலையில இருந்து கத்தலைங்க."

"தூங்குதோ என்னமோ. கொடு, கொடு... இதை வாயில வை!"

"வச்சேன். உங்க நேத்துப் பழத்தையும் வச்சிருக்கேன். வாங்கலை."

பிறகு உள்ளேயிருந்து கொத்தும் சத்தம் கேட்டது. காய்ந்து இறுகிய அடைப்பை அவள் உடைத்துக்கொண்டிருந்தாள். வெளியிலிருந்து அவனும் கொத்தினான். வாசல் திறந்தது. எலும்பும் தோலுமாக அவள் விளிம்புக்கு வந்தாள். புதுச்சிறகு பாதிகூட முளைக்கவில்லை. பறக்கப் பார்த்தாள். கிளைகளில் மோதி, சறுக்கி, சருகில் வந்து விழுந்தாள். அலகன் பக்கத்தில் இறங்கினான். பழம் இன்னும் அவன் வாயிலேயே இருந்தது.

முதல் மழை பிடித்துக்கொண்டது. மேல்துறைப் பக்கமிருந்து ஒரு மான் கத்துவது கேட்டது. விட்டு விட்டுக் கேட்டது. பிறகு கேட்கவில்லை.

குஞ்சு செத்த செய்தி பரவி ஒவ்வொருவராக வந்து நின்றார்கள். கரடி சருகில் உட்கார்ந்துவிட்டது. யானை தும்பிக்கையைச் சுருட்டிக்கொண்டது. குரங்கு மட்டும் பொந்து மரத்தைத் தட்டிப் பார்த்தது. அதுவும் தாழ்ந்த குரலில்தான் பேசியது.

"நல்ல வைரம் பாஞ்ச மரம். நாளைக்குக் கரி இல்ல. இப்ப... இதுல கூடு இல்லதானே?"

எல்லோரும் அலகனைப் பார்த்தார்கள். கூடு இருக்கிற மரத்தைத் தொடக்கூடாது என்ற விதி அவன் போட்டதுதான்.

"உள்ள குஞ்சு இருக்கு" என்றாள் இருளாயி, சருகில் கிடந்தபடியே.

யார் வாழ்வதற்காக ஒன்றை வளர்த்தோமோ, அவர்களைத் தின்றுதான் அது வளர முடியும் என்று ஆகிவிட்டால், அது வளரும் ஒவ்வொரு நாளும் நமக்கு இழப்புதான்.

இனி எந்த மரத்திலும் அலகு வைப்பதில்லை என்றும், இருளாயிக்குச் சிறகு முளைக்கும்வரை தானும் பறக்காமல் அவளோடு தரையில் நடந்து, பழமரம் நிற்கும் காடு எங்கே இருந்தாலும் அங்கே போவது என்றும் அலகன் முடிவு செய்தான்.