ஆந்தைக்கு எண் போட்டவர்

"குருவே, என் தவளைதானே முதலாவது?" என்று கேட்டார் குணாளன்.

வயது ஐம்பத்தெட்டு. தாவரவியல் பேராசிரியராக இருந்தவர்; இப்போது பொம்மை சேகரிப்பவர். குருவுக்கு முப்பத்தொன்று. பெயர் பிலோமினா. கோவை கணபதியில், மோட்டார் பட்டறைகளுக்கு நடுவே வினைல் பொம்மை வார்ப்பவள். 'குருவே' வேண்டாம் என்று சொல்லிச் சொல்லி ஓய்ந்துவிட்டாள்.

"எந்தத் தவளைங்க சார்?"

கேள்வி அவரைச் சுட்டது.

ஹெல்மெட் போட்ட தவளை. மொத்தம் நூறு. நூற்றொன்றாவது வராதபடி அச்சையே உருக்கிவிட்டாள். குணாளனிடம் இருப்பதன் பாதத்தில் 1/100, அதாவது நூறில் ஒன்றாம் எண், என்று இருக்கும். அதற்கு வீட்டில் தனிக் கண்ணாடிப் பெட்டி, தனி விளக்கு. மருமகன் வந்தால்கூட அந்த வீட்டில் தனி விளக்கு கிடையாது.

"சென்னைக் கண்காட்சில ஒருத்தன் சிரிச்சுட்டானுங்க. எண்பத்தேழாம் எண் வெச்சிருக்கிறவன்! கால்ல ஒண்ணுன்னு இருந்தா முதல்ல பொறந்ததுன்னு அர்த்தமாங்கறான். நீங்க ஒரு வரி எழுதிக் குடுங்க, அவன் வாயை அடைச்சிர்றேன்."

"குடுக்கறேன். அதுக்கு முன்னாடி ஒரு வேலை இருக்குங்க."

உள்ளே நீண்ட மேசை. அதன்மேல் அறுபது கோபக்கார ஆந்தைகள் மல்லாந்து கிடந்தன. எதன் பாதத்திலும் எண் இல்லை.

பேனாவை அவர் கையில் வைத்தாள்.

"இந்தத் தடவை நீங்க எண் போடுங்க சார்."

குணாளன் நிமிர்ந்தார். பணி ஓய்வு விழாவில் பொன்னாடை போர்த்தியபோதுகூட அவர் இவ்வளவு நிமிரவில்லை.

"இதுல முதல்ல வார்த்தது எது?"

"தெரியாதுங்க. எல்லாத்தையும் ஒண்ணாத்தான் காய வெச்சேன்."

"அப்ப தவளைக்கு?"

"கைக்குக் கிட்ட இருந்ததுல ஆரம்பிச்சேனுங்க."



குணாளன் சட்டைப் பையிலிருந்து லென்ஸை எடுத்தார்.

"நான் முறைப்படி செய்யறேன். தகுதி இருக்கறதுக்குத்தான் ஒண்ணு."

"செய்யுங்க. நாளைக்குப் பார்சல் போகணும்."

முதல் ஆந்தையை எடுத்தார். புருவமெல்லாம் பிலோமினா கையால் தீட்டியது. இதன் இடது புருவம் ஒரு நூல் ஏறியிருந்தது. கம்பீரமான கோபம். இதுதான் ஒன்று என்று பேனாவை அருகே கொண்டுபோனார். பக்கத்து ஆந்தை கண்ணில் பட்டது.

அதன் கோபம் வேறு. கல்யாணப் பத்திரிகையில் தன் பெயரைப் பிழையாக அச்சிட்டுவிட்டதைக் கண்டவரின் கோபம்.

மூன்றாவது, தும்மலை அடக்கிக்கொண்டே கோபப்பட்டது.

மதியம் பிலோமினா எட்டிப் பார்த்தாள்.

"இன்னும் ஒண்ணே வரலீங்களா சார்?"

"அவசரப்படுத்தாதீங்க. பத்தொன்பதாவதுல இருக்கேன். என்ன முறைப்பு முறைக்குது தெரியுமா!"

அவள் கதவைச் சாத்திவிட்டுப் போனாள்.

சாயங்காலம் வந்தபோது பேனா மூடியிருந்தது. குணாளன் கைகட்டி உட்கார்ந்திருந்தார்.

ஓர் ஆந்தையை எடுத்துப் பாதத்தைப் பார்த்தாள். 1/60.

அடுத்தது. 1/60.

மேசையின் மறுகோடியில் இருந்ததை எடுத்தாள். அதுவும் 1/60. பிறகு ஒவ்வொன்றாகக் குனிந்து பார்த்துக்கொண்டே போனாள்.

"சார்! அறுபதுலயும் ஒண்ணுன்னு போட்டிருக்கீங்க!"

"ஆமாங்க," என்றார் குணாளன், மார்பை நிமிர்த்தி. "ரெண்டு தடவை சரிபார்த்தேன். ஒரு தப்பும் இல்லை."