சுவரைப் பார்த்து நின்றவள்

இங்கிலாந்தில் டன்ஹோல்ட் பிரபு என்று ஒரு பெரிய மனிதர் இருந்தார். பாராளுமன்றத்தில் ஏழைகளுக்காகத் தொண்டை கிழியப் பேசுவார். வீட்டுக்கு வந்தால் ஏழை முகமே ஆகாது. அவர் நடந்து வந்தால் வேலையாட்கள் சட்டென்று சுவர்ப் பக்கம் திரும்பி நின்றுகொள்ள வேண்டும்.

ஒருநாள் பிரதமர் அவர் வீட்டுக்கு விருந்துக்கு வந்தார். "இந்த மரியாதை எனக்கு மட்டும்தான். என் மனைவிக்குக்கூடக் கிடையாது" என்று பிரபு வாசலிலேயே பீற்றிக்கொண்டார். அவருக்கு மந்திரி பதவி மேல் ஒரு கண்.

தாழ்வாரத்துக்குள் நுழைந்தால், முன்பு பிரதமர் அன்பளிப்பாகத் தந்த சீனத்து ஜாடி சுக்குநூறாகக் கிடக்கிறது! பக்கத்தில் தூசி தட்டிக்கொண்டு நின்றாள் வேலைக்காரி ஹெஸ்டர்.

"உன் வேலைதானே இது?" என்று பாய்ந்தார் பிரபு.

"நான் உடைக்கவில்லை, பிரபுவே."

"பின்னே யார்? சொல்லு, இல்லாவிட்டால் இப்போதே மூட்டையைக் கட்டு!"

யாரென்று ஹெஸ்டருக்குத் தெரியும். பெயரைச் சொன்னாலும் வேலை போகும், சொல்லாவிட்டாலும் போகும். பணிவாகக் குனிந்து வணங்கினாள்.

"யாரென்று நான் பார்க்கவில்லை, பிரபுவே. ஜாடி விழுந்தபோது நான் சுவரைப் பார்த்து நின்றுகொண்டிருந்தேன்."

பிரதமர் மெதுவாகத் திரும்பினார். "உங்களுக்கு மட்டும்தான் என்றீர்களே?"

"ஜாடிதானே, போகட்டும் விடுங்கள்" என்று முணுமுணுத்தார் பிரபு.

அதன் பிறகு தாழ்வாரத்தில் ஹெஸ்டர் எதிரே வந்தால், சுவர்ப் பக்கம் திரும்பிக்கொண்டது பிரபுதான்.