ஆலா விழுங்காத மீன்

அந்தக் காலத்தில், பறவைகள் நம்மைப் போலவே வாய்விட்டுப் பேசிக்கொண்டிருந்த காலத்தில், கடலுக்கு நடுவே பதின்மூன்று தீவுகள் இருந்தன. அக்கரையில் இருந்த ஒரு கடற்கழுகு அவற்றை ஆண்டது. ஆண்டது என்ன, தின்றது என்றே சொல்லலாம். ஒவ்வொரு தீவிலிருந்தும் அதற்குக் குஞ்சுகள் வரியாகப் போய்க்கொண்டிருந்தன. பொறுத்துப் பொறுத்துப் பார்த்த தீவுப் பறவைகள் ஒரு நாள் ஒன்றாகக் கிளம்பிப் போய்க் கழுகை விரட்டியடித்தன. விரட்டிய பிறகுதான், இனி யார் ஆள்வது என்ற கேள்வி வந்தது. எல்லாரும் சேர்ந்து ஆளலாம் என்று முடிவானது.

சபை கூட ஒரு பொது இடம் வேண்டும். எந்தத் தீவுக்கும் சொந்தமில்லாத ஒரு மணல்திட்டு நடுக்கடலில் இருந்தது. கடல் வற்றும்போது மட்டும் தலைகாட்டும், நீர் ஏற்றத்தில் மூழ்கிவிடும். அங்கே தீவுக்கு ஒருவர் வந்து, உலர்ந்த மணலில் நின்று பேச வேண்டும். பேசுகிறவர் தானாக நிறுத்தும்வரை யாரும் குறுக்கே பேசக் கூடாது. தண்ணீர் ஏறிப் பேசுகிறவரின் காலை நனைத்துவிட்டால் சபை கலைந்துவிடும், பேசி முடிக்காத விஷயம் அத்தோடு செத்தது. யாரும் யாரையும் அடக்கி ஆண்டுவிடக் கூடாதே என்று பயந்து பயந்து போட்ட விதிகள் அவை. பயத்தில் போட்ட விதியில் ஓட்டை இருக்கத்தானே செய்யும்.

தீவுக்கு ஒரு நோய்ப்புதர் உண்டு. சுற்றிலும் முள், நடுவே நிழல். அடிபட்ட பறவை உள்ளே போய்ப் படுத்துக்கொண்டால் நண்டுகள் நெருங்க முடியாது. ஆனால் வாசலில் ஒரு கேள்வி கேட்பார்கள்: "உன் முட்டை எந்த மணலில் பொரிந்தது?" இந்தத் தீவு மணலில் என்றால் உள்ளே போகலாம். இல்லையென்றால் வெளியேதான் கிடக்க வேண்டும்.

இந்தக் கேள்விக்குப் பதில் சொல்ல முடியாதவர்கள் ஆலாக்கள் என்ற வெள்ளைக் கடற்பறவைகள். ஆலா தீவில் முட்டையிடுவதில்லை. கடலில் எழுந்து கிடக்கும் மொட்டை மணல்திட்டில் இடும். குஞ்சு பறக்கத் தொடங்கி, மழைக்காலம் வந்து ஒரு புயல் அடித்தால் அந்தத் திட்டே கரைந்து போய்விடும். பிறந்த மண்ணைக் காட்டு என்றால் ஆலா எதைக் காட்டும்? அலையைத்தான் காட்ட வேண்டும்.

இத்தனைக்கும் தீவுகள் பிழைத்ததே ஆலாக்களால்தான். தொலைகடலில் எங்கே மீன் திரள்கிறது என்று பார்த்துவந்து சொன்னது ஆலா. விரட்டப்பட்ட கழுகு அவ்வப்போது திருட்டுத்தனமாக வரும். அதை முதலில் பார்த்துக் கத்தியதும் ஆலா. சபையில் மட்டும் ஆலாவுக்கு இடமில்லை.

ஆலாக்களிடம் அந்நாளில் ஒரு வழக்கம் இருந்தது. கூட்டத்தில் ஒன்று கீழே விழுந்தால் மற்றவை சத்தம் போடாமல் பறந்து போய்விடும், திரும்பிப் பார்க்காது. சுற்றினால் நண்டுக்கு இடம் தெரிந்துவிடும் என்று காரணம் சொல்லிக்கொண்டன. அது சும்மா. பார்த்தால் தாங்காது, அதுதான் உண்மை.

நுரையாள் என்ற ஆலாவின் கணவன் கொண்டையன் ஒரு காலையில் முள்ளுத்தீவுக் கரையில் விழுந்தான். கழுகு வந்தது, முதலில் பார்த்தவன் அவன். கத்திக்கொண்டே குறுக்கே பாய்ந்தான். முள்ளுத்தீவின் குஞ்சுகள் தப்பித்தன. கழுகின் நகம் பட்டு அவன் இறக்கை முறிந்தது. கூட்டம் சத்தமில்லாமல் வடக்கே திரும்பியது. நுரையாளும் கூடவே திரும்பினாள். கொஞ்ச தூரம் போனாள். பிறகு, ஏன் என்று அவளுக்கே தெரியவில்லை, திரும்பிப் பார்த்துவிட்டாள். பார்த்த பிறகு எப்படிப் போவது?

கொண்டையன் புதருக்கு வெளியே வெறும் மணலில் கிடந்தான். அவனுக்குப் பின்னால் கால் ஒடிந்த சின்ன உள்ளான் ஒன்று ஒடுங்கிக் கிடந்தது. குளிர் நாட்டிலிருந்து வந்த பறவை. அதற்கும் இந்தப் பக்கம் நாதியில்லை. மணல் முழுக்க நண்டு வளைகள். ஒவ்வொரு வளை வாயிலும் இரண்டு கண்கள் குச்சி மேல் நின்று பார்த்துக்கொண்டிருந்தன. வெயில் இருக்கும்வரை அவை வெளியே வராது. வெயில் தாழட்டும் என்று காத்திருந்தன.

"எதுக்கு வந்த?" என்றான் கொண்டையன். "நம்ம வழக்கம் தெரியும்ல?"

"தெரியும்."

"பயமா இருக்கா?"

"ஆமா. உங்களுக்கு?"

அவன் வளைகளைப் பார்த்தான். "விழுந்தப்போ இல்ல. இப்போ இருக்கு. பசிக்குது புள்ள. வயித்துல ஏதாவது இருந்தா கத்தியாவது இதுங்கள விரட்டுவேன்."

நுரையாள் கடலுக்குப் போய் ஒரு மீனோடு வந்தாள். கரையில் பெருந்தலையார் வழிமறித்தார். முள்ளுத்தீவின் தலைவர் அவர், கடற்காக இனம். தலை மட்டுமல்ல, குரலும் வயிறும் பெரிது.

"மீனைக் கீழ வைக்காத தாயி. அந்த வாசத்துக்கு நண்டு மொத்தமும் கிளம்பி வரும். பக்கத்துலதான் எங்க குஞ்சுங்க கெடக்கு."

அலகில் மீன் இருந்ததால் அவளால் பேச முடியவில்லை. புதரைப் பார்த்தாள்.

"அதுக்குள்ள விட முடியாது. இன்னிக்கு ஒரு ஆலாவ விட்டா நாளைக்குக் கடல்ல உள்ளது பூரா எங்க புதர்லதான் வந்து விழும். என் ஊர்ப் பிள்ளைக்கு இடமிருக்குமா? நான் கெட்டவன் இல்ல தாயி. எனக்கும் பயமாத்தான் இருக்கு. இன்னிக்கு சபையில கூழைக்கடா ஐயா இதப் பத்தித்தான் பேசப்போறார். வேணும்னா அங்க வந்து பாரு."

சொல்லிவிட்டு அவர் சபைக்குக் கிளம்பினார். மீனை அலகில் பிடித்தபடியே நுரையாளும் பின்னால் பறந்தாள். வெயில் தாழ்வதற்குள் திரும்ப வேண்டும் என்பது ஒன்றுதான் அவள் மனதில் இருந்தது.

மணல்திட்டில் தலைமை கூழைக்கடா. வயதானவர், நிதானமானவர். அவர் சுருக்கமாகத்தான் சொன்னார்: "கடலோடும் பறவை எதுவாக இருந்தாலும் கரை திரும்பும்போது ஒரு மீனை விழுங்காமல் கொண்டுவரட்டும். எந்தத் தீவில் இறங்குகிறதோ அந்தத் தீவு நோய்ப்புதருக்கு அந்த மீன். அதற்குப் பதிலாக, கடலோடி எங்கே விழுந்தாலும் அங்கேயே புதருக்குள் இடம். எந்த மணல் என்று யாரும் கேட்கக் கூடாது. இது பதின்மூன்று தீவுக்கும் ஒரே சட்டம்."

அடுத்துப் பெருந்தலையார் எழுந்தார். திட்டிலேயே மேடான இடமாகப் பார்த்து நின்றுகொண்டார். எதற்கு என்று நுரையாளுக்குச் சீக்கிரமே புரிந்துவிட்டது. அவர் பேச ஆரம்பித்தார். நிறுத்தவேயில்லை.

"திடமா இருக்கிறவன் ஏன் மீன் கொடுக்கணும்? கழுகு கேட்டதும் வரி, இதுவும் வரிதானே?" என்றார். முள்ளுத்தீவின் பெருமையைச் சொன்னார். தன் தகப்பனாரைப் பற்றிச் சொன்னார். தகப்பனாருக்குத் தகப்பனார் பிடித்த ஒரு பெரிய மீனைப் பற்றி வால் முதல் தலைவரை சொன்னார். தண்ணீர் ஏறிக்கொண்டே வந்தது. தாழ்வான இடத்தில் நின்ற உறுப்பினர்கள் ஒவ்வொருவராக நகர்ந்து மேட்டுக்கு வந்தார்கள். கூழைக்கடா வெயிலைப் பார்த்தார், தண்ணீரைப் பார்த்தார், வாயைத் திறக்கவில்லை. விதி அவரையும் கட்டிப்போட்டிருந்தது.

நுரையாள் கரைப் பக்கம் திரும்பிப் பார்த்தாள். வெயில் மஞ்சளாகிக்கொண்டிருந்தது. அங்கே கரையில் அந்தக் கண்கள் வளையை விட்டு ஒரு அடி வெளியே வந்திருக்கும். பறந்து போனால் கொண்டையன் பக்கத்திலாவது இருக்கலாம். ஆனால் போய் என்ன செய்வது? மீனைக் கீழே வைக்கக்கூட விட மாட்டார்கள். இங்கேயே நின்றால் இந்தப் பேச்சு முடியாது. அவள் காலையிலிருந்து ஒன்றும் தின்னவில்லை. அலகில் இருந்த மீனின் ருசி தொண்டைவரை வந்து போனது. விழுங்கவில்லை.

அப்போதுதான் அவள் பெருந்தலையாரின் கண்ணைக் கவனித்தாள். பேச்சு அது பாட்டுக்குப் போய்க்கொண்டிருந்தது. கண் மட்டும் அடிக்கடி அவள் அலகுக்கு வந்து போனது.

கொண்டையனுக்கென்று பிடித்த ஒரே மீன் அது. மெல்ல நடந்து போனாள். பெருந்தலையாரின் காலடியில் அதை வைத்துவிட்டுப் பின்வாங்கினாள்.

"எங்க பாட்டன் அந்த மீனோட செவுளைப் புடிச்சு" என்று சொல்லிக்கொண்டிருந்த பெருந்தலையார் ஒரு கணம் தடுமாறினார். காலடியில் மீன் கிடந்தால் கடற்காகம் என்ன செய்யும்? அவருடைய அறிவு வேண்டாம் என்றிருக்கும். தலை தானாகக் குனிந்துவிட்டது. மீன் அவர் வாயில் ஏறியது. பேச்சு நின்றது.

"பேச்சை நிறுத்திவிட்டார்" என்றார் கூழைக்கடா, காத்திருந்தவர் போல. "வேறு யாராவது?"

"நான் பேசலாமா ஐயா?" என்றாள் நுரையாள். "எனக்குத் தீவு இல்லை."

"காலடியில் உலர்ந்த மணல் இருக்கிறதல்லவா? பேசு."

நுரையாள் ஓரடி முன்னே வந்தாள். "நாங்க கழுகைப் பாத்தா கத்துறோம். கத்துறவனைத்தான் கழுகு முதல்ல அடிக்கும். அது தெரிஞ்சேதான் கத்துறோம். அதுக்குப் பயமில்ல. உங்க கரையில விழுறதுக்குத்தான் பயம். என் வீட்டுக்காரர் விழுந்ததை எங்க கூட்டமே பாத்துச்சு. நாளைக்குக் கழுகு வரும்போது அவங்க கத்துவாங்களா? பயந்தவன் வாயை மூடிக்கிட்டுத்தான் பறப்பான். நான் மிரட்டல. எனக்கே இனிமே கத்த வருமான்னு தெரியல."

எல்லாருக்கும் வீட்டில் குஞ்சுகள் இருந்தன. சிலர் தங்களை அறியாமல் வானத்தைப் பார்த்தார்கள். அங்கே ஒன்றும் இல்லை, இருந்தாலும் பார்த்தார்கள்.

தண்ணீர் அவள் கால் நகத்தருகே வந்து திரும்பியது. "சம்மதம் உள்ளவர்கள் ஒரு சிறகைத் தூக்குங்கள்" என்றார் கூழைக்கடா. முதலில் ஒன்று எழுந்தது. பிறகு அங்கொன்றும் இங்கொன்றுமாக, பாதிக்கு மேல் எழுந்தன. அடுத்த அலை திட்டை மூடியது. அதற்குள் சட்டம் ஆகிவிட்டது.

பெருந்தலையாரின் தொண்டை அசைந்தது. "விழுங்காதீர்" என்றார் கூழைக்கடா. "அது இப்போது உம்முடையதல்ல, நோயாளியுடையது."

நுரையாளும் பெருந்தலையாரும் முள்ளுத்தீவை நோக்கிப் பறந்தார்கள். பாதி வழியில் பெருந்தலையார் அவள் அருகே வந்து மீனை அவள் அலகில் திணித்தார். "நீயே கொண்டு போ தாயி. இதை வாயில வச்சுக்கிட்டு இன்னும் கொஞ்ச தூரம் போனா நான் நானா இருக்க மாட்டேன்." அவர் கண் கலங்கியிருந்தது. பசியா வெட்கமா, தெரியவில்லை.

கரை வந்தபோது சூரியன் இறங்கிவிட்டது. நுரையாள் மீனைக் குறுக்காகக் கவ்விக்கொண்டு மணலை ஒட்டித் தாழப் பறந்தாள். ஒரு முறை போனாள், திரும்பி வந்தாள். கொண்டையன் கிடந்த இடத்தில் நண்டுகளின் கால் தடங்கள் மட்டும் இருந்தன, கடல்வரை, எண்ணற்றவை. தடங்களுக்கு நடுவே ஒரு கறுப்புக் கொண்டை இறகு.

அதற்குப் பின்னால் அந்த உள்ளான் இன்னும் உயிரோடு இருந்தது.

"அக்கா" என்றது அது. "அவர் எனக்கு முன்னால போய்ப் படுத்துக்கிட்டார். கடைசிவரைக்கும் நகரல. நான் போகச் சொன்னேன் அக்கா."

நுரையாள் மீனோடு நின்றாள். அழக்கூட முடியவில்லை, அலகில் மீன். இதை விழுங்கிவிட்டு இருட்டில் பறந்து போய்விடலாம், ஒருவரும் ஏன் என்று கேட்க மாட்டார்கள். உள்ளான் அந்த மீனைப் பார்க்காமல் முகத்தைத் திருப்பிக்கொண்டது. தனக்கு யாரும் தருவார்கள் என்ற நினைப்பே அதற்கு இல்லை.

அவள் மீனை அதன் முன்னால் வைத்தாள்.

வாசம் பரவியதும் வளைகளில் இருந்து நண்டுகள் கிளம்பின. அன்றைய வேட்டையை முடித்துவிட்டு நுரையாளின் கூட்டம் வடக்கே போய்க்கொண்டிருந்தது, மிச்ச வெளிச்சத்தில் கரும்புள்ளிகளாகத் தெரிந்தது. அவள் மேலே எழும்பினாள். போகவில்லை. உள்ளானின் தலைக்கு மேலேயே சுற்றிச் சுற்றிக் கத்தினாள். கொண்டையன் விழுந்ததிலிருந்து அடக்கி வைத்த கத்தல் எல்லாம் அதில் வந்தது. வடக்கே புள்ளிகள் நின்றன. பிறகு, ஆலா இனம் தோன்றிய நாள் முதல் நடக்காத ஒன்று நடந்தது. கூட்டம் திரும்பி வந்தது. வானம் முழுக்க வெள்ளைச் சிறகாகி, கத்தியபடி நண்டுகள் மேல் பாய்ந்தது. அந்த நேரத்தில் பெருந்தலையார் வந்து, ஒன்றும் கேட்காமல், உள்ளானைப் புதருக்குள் தள்ளிக்கொண்டு போனார். கால் ஆறியதும் அது தன் குளிர் நாட்டுக்குப் பறந்து போனது.

பெருந்தலையாரின் பிள்ளைகளுக்கு மட்டும் சட்டம் இன்றுவரை பிடிபடவில்லை. ஆலா அலகில் மீனைக் கண்டால் துரத்திப் பறிக்கத்தான் பார்க்கின்றன. ஆலா கொடுப்பதில்லை. அன்று முதல்தான், ஓர் ஆலா விழுந்தால் கூட்டம் முழுவதும் திரும்பி வந்து அதன் தலைக்கு மேலே சுற்றிக் கத்துகிறது. அன்று முதல்தான், கடலிலிருந்து திரும்பும் ஆலா ஒரு மீனை விழுங்காமல் அலகில் குறுக்காகப் பிடித்துக்கொண்டு, மணலில் யாரோ கிடக்கிறார்களா என்று பார்த்தபடி, கரையை ஒட்டித் தாழப் பறந்து வருகிறது.