யாரும் கூப்பிடாத பெயர்

தண்ணீரே தெரியாமல் தாமரை இலைகள் மூடிய ஒரு குளம். அதன் நடுவில் ஓர் இலைக்கோழி ஒற்றை முட்டையின் மேல் உட்கார்ந்திருந்தது.

முதலில் நான்கு முட்டைகள் இருந்தன. இரண்டை மழைத் தண்ணீர் உருட்டிக்கொண்டு போனது. ஒன்றைத் தண்ணீர்ப் பாம்பு எடுத்துக்கொண்டது. மிஞ்சியது இது ஒன்றுதான்.

இலைக்கோழிகளின் வீட்டு வழக்கம் தனி. பெண் பறவை முட்டையிடும். பிறகு ஊர் சுற்றும், சண்டை போடும், எல்லை காக்கும். அடைகாப்பதும் குஞ்சை வளர்ப்பதும் ஆண் பறவையின் வேலை. இந்த முட்டையின் அம்மாவும் அடுத்த குளத்து எல்லைச் சண்டைக்குப் போயிருந்தது. உட்கார்ந்திருந்தது அப்பா.

அந்த அப்பாவின் பெயர் படையரசி.

ஆமாம், படையரசிதான். இலைக்கோழிகளில் பெண்தான் பெரிது. குஞ்சாக இருந்தபோது இது கொஞ்சம் பருமன். "பெண்தான் இது! பெரிய சண்டைக்காரியாக வரப்போகிறது!" என்று வீட்டில் முடிவு கட்டி அந்தப் பெயரை வைத்துவிட்டார்கள். வளர்ந்த பிறகுதான் உண்மை தெரிந்தது. அதற்குள் பெயர் குளம் முழுவதும் பரவிவிட்டது.

"என்ன படையரசி மாமா, போருக்குப் புறப்படவில்லையா?" என்று முக்குளிப்பான் தினமும் கேட்கும்.

முக்குளிப்பான் புறாவைவிடச் சிறிய நீர்ப்பறவை. பாதிப் பேச்சில் முழுகிவிடும். மீதிப் பேச்சை வேறோர் இடத்தில் எழுந்து சொல்லும்.

"பார்த்தால் தெரியவில்லையா? உட்கார்ந்திருக்கிறேன்" என்று படையரசி சொல்லும்.

"அடடா! ஒரு முட்டையை எதிர்த்து..." முக்குளிப்பான் முழுகும். பத்து இலை தள்ளி எழும். "...இவ்வளவு நாளாகப் போரா!"

படையரசி சிரிக்கும். அந்தச் சிரிப்பு அலகோடு நின்றுவிடும்.

அதனால் ஒரு நாள் அது முட்டையிடம் வாக்குக் கொடுத்தது.

"நீ ஆணோ பெண்ணோ, எனக்குத் தெரியாது. உட்காரும் பிள்ளையோ ஊர் சுற்றும் பிள்ளையோ, அதுவும் தெரியாது. நீ வருவதற்கு முன்னால் ஓடிப்போய் உன்னைப் பற்றிச் சொல்லிவிடும் பெயர் உனக்கு வேண்டாம். இதுவரை யாரும் உடுத்திக் கழற்றாத பெயராக ஒன்று கொண்டுவருகிறேன்."

முட்டை வெதுவெதுப்பாக இருந்தது. அதுவே சம்மதம் என்று படையரசி எடுத்துக்கொண்டது.

பிறகு அது பெயர் தேடியது. எழுந்து போகாமலே தேடியது. காலையில் மூடுபனிக்குள் தேடியது. மதியத்தில், இலையின் பள்ளத்தில் ஒரு துளித் தண்ணீர் வெயிலைச் சுமந்துகொண்டு உருளும்போது தேடியது. மூன்றாம் நாள் ஒரு பெயர் அகப்பட்டது.

"நிலோ! ஆணுக்கும் பொருந்தும், பெண்ணுக்கும் பொருந்தும். எப்படி இருக்கிறது?" என்று பக்கத்து நாணலில் இருந்த தாழைக்கோழியிடம் சொன்னது.

தாழைக்கோழிக்குச் சிவந்த நெற்றி, உரத்த குரல், ஏழு பிள்ளைகள். "நன்றாகத்தான் இருக்கிறது, தம்பி. ஆனால் முதலில் பிள்ளை வரட்டும்" என்றது அது.

அப்போது பக்கத்து இலை லேசாக ஆடியது. யாரோ முழுகிய சத்தம் கேட்டது.

மாலையில் முக்குளிப்பானின் வீட்டில் கொண்டாட்டம். "எங்கள் கடைக்குட்டிக்குப் பெயர் வைத்தாயிற்று! நிலோ! புத்தம் புதுப் பெயர்! நானே யோசித்தேன்!" என்று அது குளம் முழுக்க எழுந்தெழுந்து சொன்னது.

"திருட்டுப் பயலே! அது என் பெயர்!" என்று படையரசி கத்தியது.

"உன் பெயர் படையரசி அல்லவா, மாமா?" என்று கேட்டுவிட்டு அது முழுகியது.

அன்றிலிருந்து படையரசி பெயரைப் பற்றி வாயைத் திறக்கவில்லை. மறுபடி தேடியது. நாணலுக்குள் நுழைந்த காற்றிலிருந்து 'நே' என்ற எழுத்தை எடுத்தது. முகம் தெரியாத ஏதோ ஒரு பறவை மேகத்துக்கு மேலே கூவிக்கொண்டு போனது. அதிலிருந்து 'யூ' என்ற எழுத்தை எடுத்தது. இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தது.

நேயூ.

அதற்கு அர்த்தம் எதுவும் இல்லை. காலியான கூடுபோல இருந்தது. பிள்ளை வளர வளர அதில் குடியேறிக்கொள்ளும் என்று நினைத்தது படையரசி. மனத்துக்குள் ஒரு தடவை சொல்லிப் பார்த்தது. உடம்பு சிலிர்த்தது. உடனே மனத்தையும் மூடிக்கொண்டது.

ஒரு விடியலில் முட்டை பொரிந்தது. விரலளவு குஞ்சு, குச்சிக் கால்களோடு இலையில் ஏறி நின்றது.

அந்தக் குளத்தில் பதினாறாம் நாள் காலையில்தான் பெயர் சூட்டுவார்கள். எல்லாப் பறவைகளும் கூடி நிற்கும்போது, குஞ்சின் காதில் மூன்று தடவை சொல்வார்கள். ஆனால் அதுவரை யாரும் காத்திருப்பதில்லை. பிறந்த அன்றே ஏதாவது ஒன்றைச் சொல்லிக் கொஞ்ச ஆரம்பித்துவிடுவார்கள்.

படையரசி மட்டும் காத்திருந்தது. நேயூ என்று கூப்பிட்டால் முக்குளிப்பான் காதில் விழும். செல்லமாக வேறொன்று சொன்னாலோ, அது ஒட்டிக்கொண்டு நிஜப் பெயரைத் தின்றுவிடும். ஆகவே அது குஞ்சை எதுவும் சொல்லிக் கூப்பிடவில்லை. வேண்டும்போது நடந்து போய் அலகால் தொட்டது.

தாழைக்கோழிக்கு அந்தக் கவலை இல்லை. "ஏ பொடிசு! இங்கே வா, புழு தருகிறேன்! ஏ பொடிசு! கரைப்பக்கம் போகாதே!" என்று காலையிலிருந்து மாலைவரை அதன் குரல் கேட்கும்.

"அக்கா, அப்படிக் கூப்பிடாதீர்கள். என் பிள்ளைக்குப் பெயர் இருக்கிறது" என்றது படையரசி.

"இருந்தால் சொல்லேன். அதையே கூப்பிடுகிறேன்."

"பதினாறாம் நாள் சொல்கிறேன்."

"பெயரை முட்டைக்குள் வைத்து மறுபடி அடைகாக்கிறாயா, தம்பி?" என்று தாழைக்கோழி சிரித்தது.

பத்தாம் நாள் படையரசி குஞ்சுக்கு முழுகக் கற்றுக்கொடுத்தது. இலைக்கோழிக் குஞ்சுக்குப் பறக்க இறகு வரும்வரை அது ஒன்றுதான் பாதுகாப்பு. இலையின் கீழே முழுகி, அலகு நுனியை மட்டும் வெளியே வைத்துக்கொண்டு, கல்லைப்போல அசையாமல் இருக்க வேண்டும்.

"உன் பெயரைச் சொல்லி 'முழுகு' என்பேன். நீ உடனே முழுக வேண்டும். புரிந்ததா?"

"புரிந்தது அப்பா. என் பெயர் என்ன?"

படையரசி சுற்றிலும் பார்த்தது. தூரத்தில் நீர்க்குமிழிகள் வந்துகொண்டிருந்தன.

"பதினாறாம் நாள் சொல்கிறேன். அதுவரை நான் உன் பக்கத்திலேயே இருப்பேன்."

குஞ்சு சரி என்றது. அதற்கு ஆறு நாள் என்றால் எவ்வளவு என்று தெரியாது.

பதினைந்தாம் நாள் மதியம் வந்தது. மறுநாள் விழா. தாமரை இதழ் பறித்துவர வேண்டும் என்று படையரசி முப்பது இலை தூரம் போனது. குளத்தின்மேல் வெயில் தூங்கிக்கொண்டிருந்தது. தும்பிகள் ஒரே இடத்தில் நின்றன. குஞ்சு அகலமான இலையில் நின்று, அதில் உருண்ட ஒரு நீர்த்துளியைப் பார்த்துக்கொண்டிருந்தது. துளிக்குள் ஒரு குட்டி வானம் இருந்தது. அந்த வானத்தில் ஒரு புள்ளி இருந்தது. புள்ளி மெல்லப் பெரிதானது. அழகாக இருக்கிறதே என்று குஞ்சு குனிந்து பார்த்தது.

அது செம்பருந்து.

செம்பருந்து வட்டமிட்டால் கரையில் மனிதர்கள் கன்னத்தில் போட்டுக்கொள்வார்கள். குளத்தில் யாரும் போட்டுக்கொள்வதில்லை.

படையரசி நிமிர்ந்தது. அலகிலிருந்து இதழ்கள் விழுந்தன. இத்தனை நாளாகப் பூட்டி வைத்திருந்த பெயர் முதல் தடவையாக வெளியே வந்தது.

"நேயூ! முழுகு!"

குஞ்சு தலையைத் தூக்கியது. அப்பாவின் குரல் என்று தெரிந்தது. ஆனால் கூப்பிட்டது தன்னை அல்ல. எவ்வளவு அழகான பெயர், யாருடையதோ என்று நினைத்தது. அந்த நேயூ எங்கே இருக்கிறது என்று இடப்பக்கம் பார்த்தது, வலப்பக்கம் பார்த்தது.

"நேயூ! நேயூ! முழுகு!"

பாவம் நேயூ, சீக்கிரம் முழுகட்டும் என்று குஞ்சு கவலைப்பட்டது. இலையின் நடுவிலேயே நின்றது. இலைமேல் நிழல் விழுந்தது.

படையரசி பறந்து வந்துகொண்டிருந்தது. முப்பது இலை முந்நூறு இலை ஆனது.

"ஏ பொடிசு! உன்னைத்தான்! முழுகு!"

நாணலிலிருந்து தாழைக்கோழியின் குரல் வந்தது. அது முடிவதற்குள் இலைமேல் குஞ்சு இல்லை. செம்பருந்தின் நகங்கள் இலையைக் கிழித்தன. கிழிந்த துண்டு ஒன்றை எடுத்துக்கொண்டு அது மேலே போனது. போகும்போது அதையும் நழுவவிட்டது. பச்சைத் துண்டு சுழன்று சுழன்று கீழே வந்தது.



படையரசி வந்து, இலையின் விளிம்பில் துருத்திக்கொண்டிருந்த அலகு நுனியைக் கண்டது. குஞ்சை வெளியே எடுத்து இறக்கைக்குள் வைத்துக்கொண்டது.  

இறக்கைக்குள்ளிருந்து ஒரு கேள்வி வந்தது.

"அப்பா, நேயூ தப்பித்ததா?"

படையரசி இறக்கையை இன்னும் இறுக்கியது.

"நீங்கள் அவ்வளவு கூப்பிட்டீர்கள். அது பதிலே சொல்லவில்லையே. அதற்கு என்ன ஆயிற்று?"

"நேயூ நீதான்" என்றது படையரசி.

"நானா?" குஞ்சு தலையை வெளியே நீட்டியது. "எனக்கு யாரும் சொல்லவில்லையே!"

தாழைக்கோழி பக்கத்தில் வந்து நின்றது. எப்போதும்போல உரக்கப் பேசவில்லை. "தம்பி, நான் சொன்னதில் தப்பு இருந்தால் மன்னித்துக்கொள். எனக்குத் தெரிந்த பெயரைச் சொன்னேன்" என்றது.

"இல்லை அக்கா. உங்கள் வாயில் இருந்தது என் பிள்ளையின் உயிர்" என்றது படையரசி.

பதினாறாம் நாளுக்கு அது காத்திருக்கவில்லை. அப்போதே தொடங்கியது. "நேயூ, வா. நேயூ, சாப்பிடு. நேயூ, அந்த மேகத்தைப் பார். நேயூ, சும்மாதான் கூப்பிட்டேன்." மாலை வருவதற்குள் இருநூறு தடவையாவது கூப்பிட்டிருக்கும். முதலில் குஞ்சு ஒவ்வொரு தடவையும் யோசித்துவிட்டுத் திரும்பியது. பிறகு யோசிக்காமல் திரும்பியது.

பக்கத்து இலை ஆடியது. முக்குளிப்பான் எழுந்தது.

"மாமா, என்ன பெயர் அது? இன்னொரு தடவை சொல்..."

"நேயூ" என்றது படையரசி, நன்றாகக் கேட்கும்படி.

முக்குளிப்பான் திகைத்துப்போய் முழுகவே மறந்தது.

அந்த மழைக்காலம் முடிவதற்குள் குளத்தில் ஒன்பது நேயூ இருந்தன. முக்குளிப்பானின் வீட்டில் மட்டும் இரண்டு. தாழைக்கோழிக்குத்தான் மனம் கேட்கவில்லை.

"உனக்கு வருத்தமில்லையா, தம்பி? தவம் இருந்து கண்டுபிடித்த பெயர் ஆயிற்றே!"

படையரசி இலையின் விளிம்புக்கு நடந்தது. மஞ்சள் வெயிலில் ஒன்பது நேயூவும் குளம் முழுக்க மேய்ந்துகொண்டிருந்தன. அது மெதுவாகக் கூப்பிட்டது.

"நேயூ!"

தங்கள் வீட்டுக் குரல் இல்லை என்று எட்டுத் தலைகள் குனிந்தபடியே இருந்தன. ஒரே ஒரு தலை நிமிர்ந்தது.

குளிர்காலம் வந்தபோது அந்தக் குஞ்சின் இறக்கையில் பறக்கும் இறகு முளைத்திருந்தது. ஒரு காலையில் நேயூ அப்பாவைச் சுற்றி மூன்று வட்டம் பறந்தது. பிறகு வேறொரு குளத்தைப் பார்க்கப் போனது. படையரசி அது போன திசையைப் பார்த்துக்கொண்டே நின்றது. வானம் பெரிதாக, காலியாக, அழகாக இருந்தது.

"மாமா, கேட்கவே மறந்துவிட்டேன்" என்று முக்குளிப்பான் எழுந்தது. "உன் பிள்ளை ஆணா, பெண்ணா?"

"தெரியவில்லையே" என்றது படையரசி. "திரும்பி வரும்போது கேட்கிறேன். கூப்பிட்டால் வரும்."

பூட்டி வைத்த பெயர் எவ்வளவு புதியதானாலும் பிள்ளையைக் காக்காது. நாள்தோறும் வாயாரக் கூப்பிட்ட பெயரே பிள்ளைக்குச் சொந்தமாகும்.