தலைமேல் இருந்த எக்ஸ்

முன்னொரு நாள், ஒரு பால் குளிரூட்டும் நிலையத்தின் நோட்டுப் புத்தகத்தில் எக்ஸ் என்றொரு எழுத்து பிறந்தது. பிறந்த இடம் வினோதமானது. இரண்டு என்ற எண்ணின் தலைமேல், அதுவும் சின்னஞ்சிறியதாக.

அன்று குளிரூட்டும் எந்திரம் படுத்துவிட்டது. பாலில் கிருமிகள் மணிக்கு ஒருமுறை இரட்டிப்பாகிக்கொண்டிருந்தன.

"மேடம், பிளான்ட்டுக்குப் போய்ச் சேர மூணு மணி நேரம் ஆகும். பால் தாங்குமா?" என்றார் வேன் ஓட்டும் ஆரோக்கியம்.

"பத்து மடங்கு ஆகிற வரைக்கும் தாங்கும்ணே. இருங்க, போட்டுப் பாத்துடறேன்," என்றாள் பரிசோதகர் நிலோஃபர்.

இரண்டைப் போட்டு, அதன் தலைமேல் எக்ஸை ஏற்றி, சமக்குறிக்கு அந்தப் பக்கம் பத்தை எழுதினாள். எத்தனை மணி என்பதுதான் எக்ஸ். ஆனால் எக்ஸுக்கே அது தெரியாது.

உச்சியில் பேச்சுத் துணைக்கு ஆளில்லை. "யாராவது என்னை இறக்கிவிடுங்களேன். கீழே நாலு பேரோடு இருப்பேனே!" என்று புலம்பியது.

அவசரத்தில் நிலோஃபர் சமக்குறியின் இரண்டு பக்கத்தையும் இரண்டால் வகுத்தாள். வகுத்தல் வீறாப்பாக வந்தது. பத்தை ஐந்தாக்கியது, எக்ஸை அசைக்க முடியவில்லை. எக்ஸுக்குப் பக்கத்தில் 'கழித்தல் ஒன்று' என்பதை உட்கார வைத்துவிட்டு நழுவியது.

"துணைக்கு வந்தாயா?" என்றது எக்ஸ் ஆசையாக.

"உன்னிடம் ஒன்றைக் குறைக்க வந்தேன்," என்றது அது. நல்லவேளை, நிலோஃபர் அந்த வரியை அடித்துவிட்டாள்.

பிறகுதான் லாகரிதம் எனப்படும் மடக்கை வந்தது. அலட்டல் இல்லாத ஆள். "நான் இறக்கிவிடுகிறேன். ஆனால் ஒரு பக்கத்துக்கு மட்டும் வேலை செய்யமாட்டேன். சமக்குறிக்கு இரண்டு பக்கமும் வருவேன்," என்றது.

அது பத்தைத் தொட்டதும் பத்து ஒன்றாகச் சுருங்கியது. இரண்டைத் தொட்டதும் எக்ஸ் வழுக்கிக்கொண்டு தரைக்கு வந்து, இரண்டுக்கு அருகில் நின்றது.

அப்போதுதான் எக்ஸ் இரண்டின் முகத்தைப் பார்த்தது. அதுவரை காலுக்குக் கீழே இருப்பது தரை என்றே நினைத்திருந்தது.

"இவ்வளவு நேரமும் நீயா என்னைச் சுமந்தாய்?"

"வேறு யார்? நீ புலம்பியதெல்லாம் கேட்டுக்கொண்டுதான் இருந்தேன்."

"பதில் சொல்லியிருக்கலாமே!"

"சொன்னேன். நீ குனியவே இல்லை."

எக்ஸுக்கு வெட்கமாகவும் சந்தோஷமாகவும் இருந்தது. "போகட்டும். இனி இப்படியே பக்கத்தில் இருப்போம்," என்றது.

இரண்டு தலையசைக்கவில்லை. "நான் பக்கத்தில் இருக்கிறவரை நீ எவ்வளவு என்று யாராலும் சொல்ல முடியாது. வெளியே பால் காத்திருக்கிறது."

"எனக்குத் தெரியவே வேண்டாம். போகாதே."

நிலோஃபரின் பேனா இறங்கியது. இரண்டு, தன்னோடு மடக்கையையும் கூட்டிக்கொண்டு சமக்குறியைத் தாண்டி, அந்தப் பக்கத்து ஒன்றுக்கு அடியில் போய் நின்றது. இன்னொருவரைச் சுமக்கத் தொடங்கிவிட்டது.

"மூணு மணி பத்தொன்பது நிமிஷம் இருக்குண்ணே. எங்கயும் நிக்காம போங்க!"

வேன் கிளம்பிய சத்தம் கேட்டது. நிலோஃபர் விடைக்குக் கீழே இரண்டு கோடு போட்டாள். எக்ஸ் தன் பக்கத்தில் தேடிப் பார்த்தது. அங்கே பெருக்க யாரும் இல்லை, கூட்ட யாரும் இல்லை, புலம்பினால் கேட்கக் கீழேயும் யாரும் இல்லை.

தான் எவ்வளவு என்பது மட்டும் அதற்கு இப்போது துல்லியமாகத் தெரிந்திருந்தது.