தூணிடம் சொன்ன சேதி

எனக்குக் கல்யாணமான வருஷம், தீபாவளிக்கு முறுக்கு சுற்றிக்கொண்டே என் நாத்தனார் சவுந்தரம் சொன்ன கதை இது. அப்போது நானும் வீட்டுக்காரரும் இரண்டு நாளாகப் பேச்சில்லாமல் இருந்தோம். அதைப் பார்த்துத்தான் சொன்னாரோ என்னவோ, முருகனுக்குத்தான் வெளிச்சம்.

செங்குன்றை நாட்டைக் கடம்பவேந்தன் என்று ஒரு ராஜா ஆண்ட காலம். நல்லவன்தான், ஆனால் தோற்கத் தெரியாதவன். ஒரு நாள் ராணி மரகதவல்லியோடு பல்லாங்குழி ஆடினான். ஆட்டம் கைவிட்டுப் போகிறது என்று தெரிந்ததும் ஒரு புளியங்கொட்டையை எடுத்து இடுப்புக் கச்சையில் செருகிக்கொண்டான். ராணி பார்த்துவிட்டாள்.

"நாட்டையும் இப்படித்தான் ஆளுகிறீர்களா?" என்று சிரித்தாள்.

ராஜாவுக்குச் சுருக்கென்றது. "நீயாக வந்து பேசும்வரை நான் உன்னோடு பேசப் போவதில்லை."

"நானும் அப்படியே" என்று ராணி எழுந்து போய்விட்டாள்.

எட்டு நாள் ஆயிற்று. ராஜாவுக்கு இருப்புக் கொள்ளவில்லை. சிம்மாசனத்தில் உட்காருவான், எழுவான், வாசல்வரை போவான், திரும்புவான். வழக்குச் சொல்ல வந்தவன் பாதியிலேயே நிற்பான். அந்தப்புரத்துக்கும் சபைக்கும் நடுவே சேதி கொண்டுபோனவர் வல்லபராயர் என்ற அதிகாரி. அவர் போய்விட்டு வரும்போதெல்லாம் ராஜாவின் முகம் இன்னும் கறுக்கும்.

எட்டாம் நாள் வல்லபராயர் பவ்யமாகச் சொன்னார்: "மகாராஜா, இறங்கிப் போவது ராஜாவுக்கு அழகில்லை. ராணியைப் பிறந்த வீட்டுக்கே அனுப்பிவிடுங்கள். மந்திரியார் பெரிய புத்திசாலி ஆயிற்றே, முடிந்தால் அவர் சேர்த்து வைக்கட்டும்."

"சரி" என்று மந்திரியின் பக்கம் திரும்பினான் ராஜா. "தெய்வநாயகம், நாளைப் பொழுது சாய்வதற்குள் அவளைப் பேச வையும். இல்லாவிட்டால் பல்லக்குக் கிளம்பும். உம்முடைய பதவியும் அதோடு போகும்."

வல்லபராயர் மந்திரியின் ஆசனத்தை ஒரு பார்வை பார்த்தார். அந்த ஆசனம் தெய்வநாயகத்துக்குக் கிடைத்தது ராணியின் சிபாரிசால். ராணி போனால் அது யாருக்கு என்பது ஊருக்கே தெரியும்.

மறுநாள் காலை மந்திரி வீட்டில் வேறொரு சண்டை. அடுப்படியில் மனைவி உமையாள் முகம் கொடுக்காமல் அம்மிக்கல்லைப் பார்த்துச் சொன்னாள்: "அம்மியே, கூழ் ஆறுது. குடிக்கணும்னா குடிக்கச் சொல்லு."

மந்திரியும் அம்மியைப் பார்த்தார். "அம்மியே, இதுல மோர் ஊத்தினாளான்னு கேளு."

"அம்மியே, பல்லக்குல ஏறப்போறது ராணியம்மா. இவருக்கு ஏன் நாக்கு செத்துப் போச்சுன்னு கேளு."

மந்திரிக்குச் சிரிப்பு வந்துவிட்டது. அவர் சிரித்ததும் அவளும் சிரித்தாள். விஷயத்தையெல்லாம் கேட்டுவிட்டு உமையாள் சொன்னாள்: "நம்ம சண்டை ஒருவேளைக்கு மேல நிக்கறதில்ல. ஏன்னா, இந்த அம்மி நாம சொன்னதுல உப்பும் சேர்க்காது, மிளகாயும் சேர்க்காது. அங்க நடுவுல நிக்கறது யாரு?"

மந்திரி கூழை அப்படியே வைத்துவிட்டு எழுந்தார்.

அரண்மனை மண்டபத்தின் நடுவில் ஒரு பெரிய கல்தூண். அன்று பிற்பகல் அதற்கு ஒரு பக்கம் ராஜாவையும் மறுபக்கம் ராணியையும் வந்து நிற்கச் சொன்னார். வாசலில் பல்லக்குத் தூக்குகிறவர்கள் தலைப்பாகையை இறுக்கிக் கட்டிக்கொண்டிருந்தார்கள்.

"ஒருவரோடு ஒருவர் பேச வேண்டாம். தூணிடம் பேசுங்கள். அதில் யாருக்கும் தோல்வி இல்லை" என்றார் மந்திரி.

வல்லபராயர் பதறினார். "சேதி சொல்ல நான் இல்லையா? தூணுக்கு வாயா இருக்கிறது?"

"அதுதான் ஐயா அதன் தகுதி."

தூணின் நிழல் நீண்டுகொண்டே போனது. கடைசியில் ராஜா தொண்டையைச் செருமினான்.

"தூணே, எட்டு நாளாக அவள் சாப்பிட்டாளா என்று கேட்டு அனுப்புகிறேன். ஒரு நல்ல பதில் இல்லை."

மறுபக்கத்திலிருந்து உடனே வந்தது: "தூணே, உனக்குச் சோறு ஒரு கேடா என்று கேட்டு அனுப்பியவருக்கு, இப்போது எதற்கு விசாரணை?"

"நான் எப்போது அப்படிக் கேட்டேன்? தூணே, தொண்டை கட்டிக் கிடந்தவனுக்கு, காரமாக எதையாவது குடித்து அந்த வாய் அடங்கட்டும் என்று சொல்லி அனுப்பியவள் யார்?"

"ஐயோ, சுக்குக் கஷாயம் வைத்துக் கொடுக்கச் சொன்னேன்!"

தூணின் இந்தப் பக்கமிருந்து ஒரு தலையும் அந்தப் பக்கமிருந்து ஒரு தலையும் எட்டிப் பார்த்தன. பிறகு இரண்டும் வல்லபராயர் பக்கம் திரும்பின. அவர் அதற்குள் மெல்ல வாசல் பக்கம் நகர்ந்திருந்தார்.

"நில்லும்" என்றான் ராஜா. "இன்றிலிருந்து எட்டு நாள் இந்தத் தூண் பக்கத்தில் நில்லும். தூண் என்ன சொல்கிறதோ, அதைத் தினமும் சபையில் வந்து சொல்லும்."

பிறகு கச்சையைத் துழாவி அந்தப் புளியங்கொட்டையை எடுத்துத் தூணடியில் வைத்தான். முகத்தைத் தூண் பக்கமே வைத்துக்கொண்டு, "தூணே, மறுபடி ஆட வருவாளா என்று கேள்" என்றான்.

"வருவேன். முதலில் கச்சையை உதறிக் காட்டச் சொல்" என்றாள் ராணி.

பல்லக்கு வெறுமனே திரும்பிப் போயிற்று. ராஜா மந்திரிக்குப் பட்டு கொடுத்தபோது, "இது எங்கள் வீட்டு அம்மிக்குச் சேர வேண்டியது" என்றார் அவர். அந்தப் பட்டைக் கட்டிக்கொண்டு உமையாள், "அம்மியே, மோர் ஊத்த மறந்தது நான்தான்னு மட்டும் சொல்லிடாதே" என்றாளாம்.

வல்லபராயர் தினமும் சபைக்கு வந்து தலைகுனிந்து, "தூண் ஒன்றும் சொல்லவில்லை, மகாராஜா" என்பார்.

"இப்போதுதான் சேதி சரியாக வருகிறது" என்பான் ராஜா.

இவ்வளவு நேரம் கேட்டீர்களே, ஒரு சின்ன உதவி. கோபமாக இருக்கிற இருவரில் ஒருவர் உங்களிடம் 'போய்ச் சொல்லு' என்றால், சொன்னதை மட்டும் சொல்லுங்கள்.